யாராகவும் நடி, நீயாக மட்டும் நடிக்காதே

1933இல் வெளிவந்த ‘கிங் காங்’ படத்தைப் பார்க்காதவர்கள்கூட அந்தக் காட்சியைக் கேள்விப்பட்டிருப்பார்கள். கப்பலில் வந்த வெள்ளையர்கள் மண்டையோட்டுத் தீவில் இறங்குகிறார்கள். மதிலுக்குப் பக்கத்தில் பூசை நடக்கிறது. தலையில் இறகும் உடம்பில் வண்ணமுமாக ஒரு தலைவன் அவர்களைப் பார்த்துக் கத்துகிறான். பொன்னிறக் கூந்தல்காரியைப் பார்த்ததும், அவளைத் தந்தால் தன் பெண்கள் ஆறு பேரைத் தருகிறேன் என்று பேரம் பேசுகிறான். வெள்ளையரின் கற்பனையில் கறுப்பு ஆண் எப்படி இருந்தான் என்பதை விளக்க, திரைப்பட வகுப்புகளில் இன்றும் எடுத்துக்காட்டப்படும் காட்சி அது.

அந்தத் தலைவனாக நடித்தவர் பெயர் நோபிள் ஜான்சன். அந்தப் படம் வருவதற்குப் பதினேழு ஆண்டுகளுக்கு முன்பே, அமெரிக்கக் கறுப்பினத்தவருக்கென்று ஒரு திரைப்படக் கம்பெனியைத் தொடங்கியவர். அதன் முதல் தலைவர். அதன் முதல் கதாநாயகர். கறுப்பர் என்றால் கோமாளி, திருடன், வேலைக்காரன் என்று மட்டும் காட்டிக்கொண்டிருந்த திரையில், ஒரு கறுப்பினப் பொறியாளனாகச் சட்டை கசங்காமல் வந்து நின்றவர். அந்த மனிதர் எப்படி மண்டையோட்டுத் தீவுக்கு வந்துசேர்ந்தார்? மௌனப்பட வரலாற்றின் ஓர் அடிக்குறிப்பாகப் பலரும் கடந்துபோகும் இந்தக் கேள்வி, சாதி ஒழிப்பு அரசியல் பேசும் நமக்கு அடிக்குறிப்பு அல்ல.

நோபிள் ஜான்சன் 1881இல் மிசௌரி மாநிலத்தில் பிறந்தார். வளர்ந்தது கொலராடோ ஸ்பிரிங்ஸ் நகரத்தில். அப்பா குதிரைகளைப் பழக்கும் வேலையில் பெயர் வாங்கியவர். மகனுக்கும் குதிரைதான் முதல் பள்ளிக்கூடம். இளம் வயதிலேயே பள்ளிப் படிப்பை விட்டுவிட்டு, பண்ணைகளில் மாடு மேய்க்கும் ‘கௌபாய்’ வேலை உட்பட என்னென்னவோ வேலைகள் செய்தார். ஆறடிக்கும் மேல் உயரம், கட்டான உடம்பு, வெளிர்ந்த மாநிறம். பள்ளியில் அவரோடு படித்த ஒரு வெள்ளைச் சிறுவனின் பெயர் லான் சேனி. அந்தப் பெயரைக் கொஞ்சம் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

1914 வாக்கில் லூபின் என்ற படக் கம்பெனி கொலராடோ பக்கம் வந்து படம்பிடித்தது. நடிகர் ஒருவருக்கு அடிபட்டுவிட, அவருடைய இடத்தில் நிறுத்த ஓர் ஆள் தேவைப்பட்டது. குதிரை ஏறத் தெரிந்த, பார்க்க வாட்டசாட்டமான நோபிள் அகப்பட்டார். கிடைத்த வேடம், அமெரிக்கப் பூர்வகுடி. கறுப்பினத்தவர் ஒருவர் திரைக்குள் நுழைந்ததே இன்னொரு ஒடுக்கப்பட்ட இனத்தின் முகத்தை அணிந்துகொண்டுதான். அடுத்த முப்பத்தைந்து ஆண்டுகளுக்கு அவருடைய பிழைப்பு எப்படி இருக்கும் என்பதற்கு இந்த முதல் வேடமே முன்னோட்டம்.

காலத்தையும் பார்க்க வேண்டும். 1915 பிப்ரவரியில் கிரிஃபித்தின் ‘பர்த் ஆஃப் எ நேஷன்’ வெளியானது. வெள்ளை நடிகர்கள் முகத்தில் கரி பூசிக்கொண்டு கறுப்பராக நடித்து, கறுப்பரை வெறிபிடித்த மிருகமாகக் காட்டிய படம். வெள்ளை மாளிகையிலேயே திரையிடப்பட்டது. அழிந்துபோயிருந்த கூ க்ளக்ஸ் கிளான் அந்த ஆண்டு முடிவதற்குள் மீண்டும் உயிர்பெற்றது. நகரம் நகரமாகக் கறுப்பின அமைப்புகள் படத்தைத் தடைசெய்யக் கோரிப் போராடின. அந்தப் போராட்டங்களுக்கு நடுவிலேதான், தடை கேட்டால் மட்டும் போதாது, நாமே படம் எடுக்க வேண்டும் என்ற எண்ணமும் வேர்விட்டது.

1916இல் லாஸ் ஏஞ்சல்ஸில் ‘லிங்கன் மோஷன் பிக்சர் கம்பெனி’ உருவானது. நோபிள் தலைவர். மருந்துக்கடை நடத்திவந்த ஜேம்ஸ் ஸ்மித் பணத்தோடு வந்தார். கிளாரன்ஸ் புரூக்ஸ் என்ற நடிகர் செயலாளர். கேமராமேன் ஹாரி கான்ட் மட்டும் வெள்ளையர். அதே ஆண்டு மே 9ஆம் நாள், அந்த நாட்டின் மறுகோடியில், நியூயார்க்கின் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் இருபத்தைந்து வயது மாணவர் ஒருவர் இந்தியச் சாதிகளின் தோற்றம் பற்றித் தன் கட்டுரையைப் படித்தார். அண்ணல் அம்பேத்கரும் நோபிள் ஜான்சனும் ஒருவரை ஒருவர் அறிந்திருக்க வழியில்லை. ஒரே ஆண்டில், ஒரே நாட்டில், ஒருவர் சாதியின் இயக்கத்தை ஆய்வால் பிரித்துப் பார்த்துக்கொண்டிருந்தார், மற்றவர் நிறவெறிக்கு எதிரான பிம்பத்தைக் குதிரையில் ஏற்றிக்கொண்டிருந்தார். ஆய்வு மாணவியாக இந்தத் தேதிகளை அருகருகே எழுதிவைத்துப் பார்க்கும் ஆசையை என்னால் அடக்க முடியவில்லை, அவ்வளவுதான்.

லிங்கன் கம்பெனியின் முதல் படத்தின் பெயரே ஓர் அறிக்கை மாதிரி இருக்கும்: ‘தி ரியலைசேஷன் ஆஃப் எ நீக்ரோஸ் ஆம்பிஷன்’. ஒரு நீக்ரோவின் லட்சியம் நிறைவேறுகிறது என்று பொருள். இரண்டே ரீல். கதை எளிமையானது. ஜேம்ஸ் பர்ட்டன், கறுப்பினத்தவருக்கான டஸ்கீஜி கல்வி நிலையத்தில் பொறியியல் படித்தவன். அப்பாவின் பண்ணையை விட்டுவிட்டு எண்ணெய் வயலில் வேலை தேடிக் கலிஃபோர்னியாவுக்குப் போகிறான். தகுதி இருக்கிறது, நிறத்தைப் பார்த்து வேலை இல்லை என்று அனுப்புகிறார்கள். வழியில், கட்டுமீறி ஓடும் குதிரைவண்டியில் சிக்கிய பெண்ணைக் காப்பாற்றுகிறான். அவள் எண்ணெய் முதலாளியின் மகள். வேலை கிடைக்கிறது. அங்கே நிலத்தின் அமைப்பைப் பார்த்தவனுக்கு, நம் ஊர்ப் பண்ணை நிலமும் இப்படித்தானே இருக்கிறது என்று உறைக்கிறது. ஊருக்குத் திரும்பித் தோண்டுகிறான். எண்ணெய் பீறிடுகிறது. கல்யாணம், குழந்தைகள், சுபம்.

நம் ஊர் எம்.ஜி.ஆர். படக் கதைபோல இருக்கிறதே என்று சிரிக்கலாம். ஆனால் 1916இல் ஒரு கறுப்புப் பார்வையாளர் திரையில் என்ன பார்த்திருப்பார் என்று யோசித்துப் பாருங்கள். கறுப்பன் படித்திருக்கிறான். நிறத்துக்காக வேலை மறுக்கப்படுவதைத் திரை அப்படியே ஒப்புக்கொள்கிறது. கடைசியில் செல்வம் கிடைப்பது வெள்ளைக்காரனின் தயவில் அல்ல, அப்பாவின் நிலத்தில். சொந்த நிலம், சொந்தப் படிப்பு, இரண்டும் சேர்ந்தால் கிடைக்கும் கண்ணியம். நிலமற்றவர்களாக்கப்பட்ட ஒரு சமூகத்தின் கனவில் நிலத்துக்கு அடியிலிருந்து எண்ணெய் பீறிடுவது மசாலா இல்லை. பஞ்சமி நிலத்துக்காக இன்றும் மனு எழுதிக்கொண்டிருக்கும் நமக்கு அது புரியும்.

இரண்டாவது படம் ‘தி ட்ரூப்பர் ஆஃப் ட்ரூப் கே’. 1916 ஜூனில் மெக்சிகோவின் கரிசாலில் நடந்த சண்டையில் கறுப்பினப் படைவீரர்கள் அடங்கிய பத்தாவது குதிரைப்படையினர் பலர் மடிந்தார்கள். அந்தச் சண்டைதான் கதையின் மையம். ஊரில் உதவாக்கரை என்று பெயரெடுத்த ஒருவன் படையில் சேர்ந்து வீரனாகிறான். நோபிளுக்கு அந்த வேடம். மூன்றாவது படம் ‘தி லா ஆஃப் நேச்சர்’, 1917. மூன்றிலும் அவர்தான் நாயகன். கறுப்பின மக்கள் அவரைக் கொண்டாடினார்கள்.

இங்கே ஒன்றைச் சொல்லாமல் விடக் கூடாது. லிங்கன் படங்களின் அரசியலில் நமக்கு முரண்பாடு உண்டு. வெள்ளை நடுத்தர வர்க்கத்தின் நன்னடத்தை அளவுகோலை அப்படியே எடுத்துக்கொண்டு, ‘பாருங்கள், நாங்களும் ஒழுங்கானவர்கள்’ என்று நிரூபிக்கும் தொனி அவற்றில் இருக்கிறது. மெக்சிகோவுக்குள் புகுந்த அமெரிக்கப் படையின் பக்கம் நின்று வீரம் பேசுகிறது இரண்டாவது படம். அங்கே செத்த மெக்சிகோக்காரர்களைப் பற்றி அதற்குக் கவலை இல்லை. ஒடுக்கப்பட்டவரைத் திரையில் கொண்டுவரும்போது அவரை நல்லவராக, படித்தவராக, கோட்டு சூட்டு போட்டவராகத்தான் கொண்டுவர வேண்டுமா என்ற கேள்வி அன்றே தொடங்கிவிட்டது. ‘கபாலி’ வந்தபோது அந்தக் கோட்டை வைத்து நாம் எவ்வளவு பேசினோம்! கோட்டு ஒரு எதிர்ப்பா, இல்லை ஆதிக்கத்தின் உடையை வாங்கிப் போட்டுக்கொள்வதா? என் கணக்கில், யாருக்கு அது மறுக்கப்பட்டதோ அவர் போடும்போது அது எதிர்ப்பு. ஆனால் கோட்டு போடாதவர் கதையும் திரைக்கு வந்தாக வேண்டும். லிங்கன் கம்பெனிக்கு அந்த இரண்டாவது கட்டத்துக்குப் போகும் அளவுக்கு ஆயுள் கிடைக்கவில்லை.

ஆயுள் ஏன் கிடைக்கவில்லை? படம் ஓடாமல் இல்லை. ஓடியதுதான் சிக்கல்.

நோபிளின் தம்பி ஜார்ஜ் ஜான்சன். நெப்ராஸ்கா மாநிலத்தின் ஒமாஹாவில் அஞ்சல் துறை எழுத்தர். பகலில் கடிதங்களைப் பிரிப்பார். மற்ற நேரமெல்லாம் அண்ணனுடைய படங்களுக்குத் திரையரங்கு பிடிப்பார். ஹாலிவுட்டின் விநியோக வலை எதுவும் இவர்களுக்குத் திறக்கவில்லை. ஆகவே ஜார்ஜ் தானே ஒரு வலை பின்னினார். ‘சிகாகோ டிஃபெண்டர்’ போன்ற கறுப்பின இதழ்களின் எழுத்தாளர்கள் அந்தந்த நகரத்தில் லிங்கன் படங்களுக்கு ஆள்களானார்கள். கறுப்பர்களுக்கான திரையரங்குகள் நாட்டில் மிகக் குறைவு. இல்லாத ஊர்களில் தேவாலயம், பள்ளிக்கூடம், சங்கக் கட்டடம் எனக் கிடைத்த சுவரில் படம் ஓடியது. அயோத்திதாசரின் ‘ஒரு பைசாத் தமிழன்’ தோட்டத்துக்கும் துறைமுகத்துக்கும் தங்கவயலுக்கும் எப்படிக் கைமாறிக் கைமாறிப் போய்ச் சேர்ந்ததோ, அந்த மாதிரி ஒரு வழி. ஆனால் பத்திரிகையை அச்சடிப்பதும் படம் எடுப்பதும் ஒன்றல்ல. ஒரு படத்தின் பிரதிகளை விரல்விட்டு எண்ணிவிடலாம். ஒரு பிரதி ஓர் ஊரில் ஓடி, வசூல் பணம் தபாலில் வந்து, அந்தப் பணத்தில் அடுத்த படத்தின் சுருள் வாங்க வேண்டும். வங்கிக் கடன் என்ற பேச்சுக்கே இடமில்லை.

கம்பெனியில் நோபிள் சம்பளம் வாங்கிப் பிழைக்க முடியாது. அதனால் யுனிவர்சல் நிறுவனத்தில் நடித்துக்கொண்டே இருந்தார். ‘லிபர்ட்டி’, ‘தி ரெட் ஏஸ்’, ‘புல்ஸ் ஐ’ என்று வாரா வாரம் வரும் தொடர்படங்கள். அங்கே பூர்வகுடி, மெக்சிகோ அடியாள், இன்னும் பலப்பல. அங்கே சம்பாதித்ததை இங்கே போட்டார்.

அப்புறம் நடந்ததைத் தம்பி ஜார்ஜ் பிற்காலத்தில் விவரித்திருக்கிறார். கறுப்பின மக்கள் வாழும் பகுதியில் ஒரு கொட்டகையில் யுனிவர்சல் தொடர் ஓடும். அதில் நோபிள் ஒரு ஓரத்தில் வருவார். பக்கத்துக் கொட்டகையில் லிங்கன் படம். வாசலில் நோபிளின் பெரிய படம், நாயகனாக. கூட்டம் எந்தப் பக்கம் போகும்? யுனிவர்சல் திரையிட்ட கொட்டகைக்காரர்கள் புகார் செய்தார்கள். எங்கள் சம்பளத்தில் இருக்கும் ஆள் எங்களுக்கே போட்டியா என்று நிறுவனம் கேட்டது. லிங்கனை விட்டு விலக வேண்டும். அவர் படத்தைப் போட்டு லிங்கன் விளம்பரம் செய்யக் கூடாது. 1918இல் நோபிள் ஜான்சன் தான் தொடங்கிய கம்பெனியிலிருந்து பதவி விலகினார்.

பின்னால் வந்ததைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். கிளாரன்ஸ் புரூக்ஸ் நாயகனானார். அந்த ஆண்டே பரவிய கொள்ளைக் காய்ச்சல் கொட்டகைகளை மூடவைத்தது. ஆஸ்கர் மிஷோ என்ற எழுத்தாளரின் ‘தி ஹோம்ஸ்டெடர்’ நாவலைப் படமாக்க ஜார்ஜ் கடிதம் எழுதினார். படமாக்கத்தில் எனக்கும் பங்கு வேண்டும் என்று மிஷோ சொல்ல, பேச்சு முறிந்தது. மிஷோ தானே கம்பெனி தொடங்கி 1919இல் அதை எடுத்தார். கறுப்பினத்தவர் இயக்கிய முதல் முழுநீளப் படம் அது. லிங்கன் 1921இல் ‘பை ரைட் ஆஃப் பர்த்’ எடுத்தது. பிறகு ஓரிரு ஆண்டுகளில் மூடிவிட்டது.

நோபிளைத் துரோகி என்று எழுதிவிடுவது எளிது. நம் கூட்டங்களில் இந்தச் சொல் எவ்வளவு சுலபமாகப் புழங்குகிறது என்று எல்லோருக்கும் தெரியும். பெரிய நிறுவனத்தில் ஒரு தோழர் படம் பண்ணினாலே அவருடைய பழைய பேச்சுகளை எடுத்துப்போட்டு ‘விலைபோய்விட்டார்’ என்று எழுதும் கைகள் உண்டு. அந்தக் கைகளில் பெரும்பாலானவை அடுத்த மாத வாடகைக்குக் கவலைப்படாத கைகள் என்பதையும் கவனித்திருக்கிறேன். நோபிளின் முன்னால் இருந்தது ‘இயக்கமா, பணமா’ என்ற தேர்வு அல்ல. யுனிவர்சலை விட்டால் லிங்கனுக்குப் போடவும் காசில்லை. லிங்கனை விட்டால்தான் யுனிவர்சலில் இருக்க முடியும். இரண்டு வாசலின் சாவியும் ஒரே கையில் இருந்தது. அந்தக் கையைப் பற்றிப் பேசாமல் வாசலில் நின்றவனின் ஒழுக்கத்தைப் பற்றிப் பேசுவது ஆதிக்கத்துக்கு மிகவும் வசதியான விவாதம்.

யுனிவர்சல் கேட்ட நிபந்தனையை இன்னொரு முறை பார்க்க வேண்டும். நடிக்காதே என்று சொல்லவில்லை. நாயகனாக, கறுப்பனாக, உன் மக்கள் முன்னால் நிற்காதே என்றார்கள். அதற்குப் பிறகு அவர் என்னவெல்லாம் ஆனார் என்று பாருங்கள். 1922இல் அதே யுனிவர்சலின் ‘ராபின்சன் குரூசோ’ தொடரில் வெள்ளை எசமானின் அடிமை ஃப்ரைடே. 1924இல் பஸ்டர் கீட்டனின் ‘தி நேவிகேட்டர்’ படத்தில் நரமாமிசக் கூட்டத்தின் தலைவன். 1927இல் அங்கிள் டாம். 1930இல் ‘மோபி டிக்’கில் க்வீக்வெக். 1932இல் ‘தி மம்மி’யில் நூபிய வேலையாள். அதே ஆண்டு ‘தி மோஸ்ட் டேஞ்சரஸ் கேம்’ படத்தில் ரஷ்யக் கொசாக்கு. ஒப்பனையால் வெளுப்பாக்கப்பட்ட வெள்ளையன்! 1949இல் ஜான் ஃபோர்டின் படத்தில் செவ்விந்தியத் தலைவன். நூற்றுக்கும் மேற்பட்ட படங்கள். உலகத்தில் உள்ள எல்லா இனமாகவும் அவர் நடித்துவிட்டார். படித்த, காதலிக்கிற, வெற்றிபெறுகிற அமெரிக்கக் கறுப்பனாக மட்டும் ஹாலிவுட்டில் ஒருநாளும் நடிக்கவில்லை.

இதை நடிகரின் விந்தைத் திறமை என்று வியக்கும் எழுத்துகள் உண்டு. இனத்தின் எல்லைகளைக் கடந்த கலைஞன் என்றுகூட எழுதுகிறார்கள். எனக்கு இதில் உடன்பாடில்லை. எல்லையைக் கடந்தவர் என்றால், அவர் திரும்பித் தன் வீட்டுக்கும் வர முடிந்திருக்க வேண்டும் அல்லவா? இப்போது லான் சேனியை நினைவுக்குக் கொண்டுவாருங்கள். கொலராடோ ஸ்பிரிங்ஸில் கூடப் படித்த அந்த வெள்ளைச் சிறுவன். ஹாலிவுட் அவரை ‘ஆயிரம் முகம் கொண்ட மனிதன்’ என்று கொண்டாடியது. 1927இல் ‘மிஸ்டர் வூ’ படத்தில் சீனராக நடித்தார்; கலை என்றார்கள். ஒவ்வொரு ஒப்பனையையும் கழற்றிவிட்டு அவர் லான் சேனியாக, நட்சத்திரமாக வெளியே வந்தார். விளம்பரத்தில் அவர் பெயர்தான் பெரிய எழுத்து. அதே பள்ளியிலிருந்து வந்த நோபிளுக்கு முகங்கள் இருந்தன, ஒப்பனையைக் கழற்றினால் அணிந்துகொள்ளத் தன் முகம் இல்லை. வேடம் போடும் உரிமை வெள்ளையருக்குக் கலையாகவும் மற்றவருக்குக் கூலியாகவும் பங்கிடப்பட்டிருந்தது.

அவர் நடித்த வேடங்களில் ஒன்று நம்மோடு நேரடியாகத் தொடர்புடையது. 1924இல் டக்ளஸ் ஃபேர்பேங்க்ஸ் நடித்த ‘தி தீஃப் ஆஃப் பாக்தாத்’. இளவரசியைப் பெண் கேட்டு மூன்று இளவரசர்கள் வருகிறார்கள். மங்கோலிய இளவரசனாக ஜப்பானிய நடிகர் சோஜின். பாரசீக இளவரசனாக, நம்ப மாட்டீர்கள், ஒரு பிரெஞ்சுப் பெண்மணி. இந்திய இளவரசன் நோபிள் ஜான்சன். பட்டு, தலைப்பாகை, மணிகள். அபூர்வப் பொருள் தேடிப் போகும் இந்திய இளவரசன், பிரம்மாண்டமான சிலை ஒன்றின் கண்ணில் பதிந்த பளிங்கை எடுக்க வேண்டும். அவன் ஏறுவதில்லை. வேலையாள் ஒருவனை ஏற்றிவிடுகிறான். ஏறியவன் பளிங்கை எடுத்துவிட்டு, தவறி விழுந்து சாகிறான். இளவரசன் பளிங்கை எடுத்துக்கொண்டு நடந்துவிடுகிறான். கீழே கிடப்பவனைப் பற்றிக் கேள்வி இல்லை.

ஹாலிவுட்டுக்கு இந்தியாவைப் பற்றித் தெரிந்ததெல்லாம் மாயாஜாலக் கதைதான். ஆனாலும் தெரியாத்தனமாக ஓர் உண்மையைத் தொட்டுவிட்டது. சாவுக்குரிய வேலைக்கு இன்னொருவனை அனுப்பிவிட்டுப் பலனை மட்டும் எடுத்துக்கொள்ளும் இந்திய மேன்மை! மலக்குழிக்குள் ஆளை இறக்கிவிட்டு மேலே நிற்கும் நாடு இது. அந்த இந்திய மேன்மையை நடிக்கக் கிடைத்தவர், தன் நாட்டில் தீண்டத்தகாதவர் இடத்தில் வைக்கப்பட்ட இனத்தில் பிறந்தவர். அந்தப் படம் அமெரிக்காவில் ஓடிய அரங்குகள் பலவற்றில் அவருடைய இனத்தவர் மாடியின் கடைசி வரிசையில்தான் உட்கார முடியும்.

பி.கே. ரோசியை நாம் அறிவோம். இயக்கத் தோழர்கள் பல ஆண்டுகள் அந்தப் பெயரைச் சொல்லிச் சொல்லி, அவர் பெயரில் திரைப்பட விழாவே நடத்தி, மறதியிலிருந்து மீட்டிருக்கிறோம். அகஸ்தீஸ்வரத்து ஜே.சி. டேனியல் எடுத்த ‘விகதகுமாரன்’ மௌனப்படத்தில், தலித் பெண்ணான ரோசி ஒரு நாயர் பெண்ணாக நடித்தார். திருவனந்தபுரத்தில் படம் ஓடியபோது ஆதிக்கச் சாதியினர் கல்லெறிந்தார்கள். ரோசி ஊரைவிட்டே ஓட வேண்டியதாயிற்று. அவர் செய்த குற்றம், மேலே இருப்பவராக நடித்தது.

ரோசியையும் நோபிளையும் பக்கத்தில் வைத்தால் ஒன்று விளங்குகிறது. ரோசி நாயர் பெண்ணாக நடித்தது தண்டனைக்குரியது. நோபிள் வெள்ளைக் கொசாக்காக நடித்தது தண்டனைக்குரியதாகவில்லை. கறுப்புப் பொறியாளனாக நடித்ததுதான் நிறுத்தப்பட்டது. ஓர் இடத்தில் ‘நீ மேலே இருப்பவராக நடிக்காதே’. இன்னோர் இடத்தில் ‘நீ நீயாக நடிக்காதே’. பார்க்க எதிரெதிராகத் தெரிகிறது. அடியில் ஓடுவது ஒரே விதி: யார் என்னவாகத் தோன்றலாம் என்பதை நாங்கள் தீர்மானிப்போம். கொசாக்கு அடியாள் வெள்ளையன்தான், ஆனால் ஊமை வேலைக்காரன். அவனால் யாருடைய நாற்காலியும் ஆடாது. ஜேம்ஸ் பர்ட்டன் என்ற கறுப்பன் நிமிர்ந்து நின்றால் நாற்காலி ஆடும். சரோஜினி என்ற நாயர் பெண்ணின் முகம் ஒரு தலித் பெண்ணின் முகமாக இருந்தால், நாயர் என்பதே ஒரு வேடம்தான் என்று தெரிந்துவிடும். இரண்டும் அவர்களால் தாங்க முடியாதவை.

முகத்தை மறைத்துப் பிழைப்பது நமக்குப் புதிதல்ல. நகரத்தில் வீடு தேடும்போது, ‘நீங்க என்ன ஆளுங்க?’ என்ற கேள்விக்கு நாம் எத்தனை வேடம் போட்டிருக்கிறோம். ஊர்ப் பெயரைச் சொல்லி, தெருப் பெயரை விழுங்கி, சைவமா என்று கேட்டால் தலையாட்டி. ஆராய்ச்சி விடுதியில் முதலாண்டு முழுவதும் தன் மதிப்பெண்ணையும் உதவித்தொகையின் பெயரையும் சொல்லாமல் கடந்த தோழிகள் எனக்கு உண்டு. அவர்களிடம் போய் ஏன் மறைத்தாய் என்று கேட்கும் துணிச்சல் எனக்கு இல்லை. மறைக்கவைத்த அறையில் இருந்த மற்றவர்களிடம்தான் கேட்க வேண்டும்.

திரைக்கு வருவோம். லிங்கன் கம்பெனியிடம் கதை இருந்தது, நடிகர் இருந்தார், கூட்டமும் இருந்தது. கொட்டகை இல்லை. இன்றைய தமிழ்ச் சினிமாவில் சாதியத்துக்கு எதிரான படங்கள் வருகின்றன, வெல்கின்றன; அதில் மகிழ்ச்சிதான். ஆனால் கொட்டகை யாருடையது, எந்தப் படத்துக்கு எத்தனை காட்சி என்று தீர்மானிக்கும் மேசையில் யார் இருக்கிறார்கள், இணையத் தளங்களில் எதை வாங்கலாம் என்று சொல்லும் அறையில் யார் இருக்கிறார்கள் என்று எண்ணிப் பார்த்தால், 1918லிருந்து நாம் வந்திருக்கும் தூரம் அவ்வளவு பெரியதாகத் தெரியாது. ஓர் இயக்குநரின் வெற்றியையும் ஒரு நடிகரின் கைத்தட்டலையும் நம்பி இருக்கும் வரை, அவர்களிடம் யாரோ ஒருவர் வந்து ‘இங்கே இருக்கவேண்டுமென்றால் அங்கே நிற்காதே’ என்று சொல்லும் நாளுக்கும் நாம் ஆயத்தமாக இருக்க வேண்டியதுதான். அஞ்சல் எழுத்தர் ஜார்ஜ் பின்னிய அந்த வலை போன்ற ஒன்று நம்மிடம் இருக்கிறதா? ஊருக்கு ஓர் ஆள், ஓர் அரங்கு, ஒரு திரை? திரைப்பட விழாக்கள் நடக்கின்றன. பெரும்பாலும் சென்னையில். விழுப்புரத்திலும் பரமக்குடியிலும் தருமபுரியிலும் நிரந்தரமாக ஓடும் ஒரு சின்னத் திரை இல்லை.

ஜார்ஜ் இன்னொன்றும் செய்தார். கம்பெனி மூடிய பிறகும் அவர் கத்தரிக்கோலைக் கீழே வைக்கவில்லை. கறுப்பினத்தவர் திரையில் வந்த ஒவ்வொரு செய்தியையும் நறுக்கி, கடிதங்களை அடுக்கி, விளம்பரத் தாள்களைச் சேர்த்து, பல பத்தாண்டுகள் காத்தார். யாரும் அந்தப் படங்களைப் பற்றிப் பேசாத காலத்திலும் காத்தார். அந்தப் பெட்டிகள் இன்று லாஸ் ஏஞ்சல்ஸில் கலிஃபோர்னியாப் பல்கலைக்கழக நூலகத்தில் அவர் பெயரிலேயே இருக்கின்றன. இந்தக் கட்டுரையில் லிங்கனைப் பற்றி நான் எழுதியதில் பெரும்பகுதி, ஏதோ ஒரு வழியில், அந்த அஞ்சல் எழுத்தரின் பெட்டிகளிலிருந்து வந்ததுதான்.

ஜார்ஜ் 1977இல் இறந்தார். நோபிள் 1978 ஜனவரியில், தொண்ணூற்றாறு வயதில். அவர் நாயகனாக நடித்த மூன்று லிங்கன் படங்களில் ஒன்றுகூட மிஞ்சவில்லை. ‘பை ரைட் ஆஃப் பர்த்’ படத்தில் சில நிமிடங்கள் மட்டும் பிழைத்திருக்கின்றன. அதில் நாயகன் கிளாரன்ஸ் புரூக்ஸ். மண்டையோட்டுத் தீவின் தலைவனை நீங்கள் இன்றிரவே கைப்பேசியில் பார்த்துவிடலாம், துல்லியமாகச் சீரமைக்கப்பட்ட பிரதி கிடைக்கிறது. ஜேம்ஸ் பர்ட்டனைப் பற்றி அறிய வேண்டுமென்றால், ஜார்ஜ் வெட்டி ஒட்டிவைத்த காகிதங்களைத்தான் புரட்ட வேண்டும்.